அப்பா எழுந்து போகிற ஷாட்

"அந்த ஷாட் இல்லன்னா இந்த ஷோவே இல்ல, பூர்ணிமா" என்றாள் சரிதா.

அவள் போனில் பேசியது சென்னையிலிருந்து. பூர்ணிமா பாண்டிச்சேரிப் பக்கம் சேதராப்பட்டு வீட்டின் பின்பக்கம், துணி காயப்போட்ட கயிற்றுக்கடியில் குனிந்து நின்றுகொண்டு, "எந்த ஷாட்?" என்று கேட்டாள். தெரியாமல் கேட்கவில்லை. யோசிக்கக் கொஞ்சம் நேரம் கிடைக்குமே என்று கேட்டாள்.

"உங்கப்பா எழுந்து போற ஷாட். அதான் ஓப்பனிங். முதல்ல அது, அப்புறம் இருட்டு, அப்புறம் நீங்க. எனக்கு இப்பவே புல்லரிக்குது."

பூர்ணிமாவுக்கும் புல்லரித்தது. காரணம்தான் வேறு.

சரிதாவின் கம்பெனி பூர்ணிமாவின் ஒரு மணி நேர நகைச்சுவை நிகழ்ச்சியைப் படம் பிடித்து, வீட்டுக்கு வீடு டிவியில் வருகிற மாதிரி வெளியிடப் போகிறது. குடும்பத்தில் முதல் ஆளாகக் கல்லூரி வாசலை மிதித்து, கணிதத்தில் பட்டம் வாங்கி, வாங்கிய பட்டத்தை வைத்துக்கொண்டு அடுத்து என்ன செய்வது என்று சொல்லித்தர வீட்டில் ஒருவரும் இல்லாததால், மேடை ஏறி எல்லோரையும் திட்ட ஆரம்பித்தவள் அவள். கடற்கரைப் பக்கம் காபி நுரையில் இலை வரைந்து தருகிற கடைகளில், தமிழில் திட்டு வாங்குவதற்கென்றே இங்கிலீஷ் பேசுகிற கூட்டம் வந்து உட்கார்ந்தது. திட்டத் திட்டக் கூட்டம் கூடியது.

அந்த ஒரு மணி நேரத்தின் கடைசிக் கதை, அவளுடைய முதல் மேடை. அதைச் சொல்லி முடிக்கும்போது முன்வரிசையில் யாராவது ஒருவர் கண்ணைத் துடைத்துக்கொள்வார்.

கதை இதுதான். ஆறு வருஷத்துக்கு முன்னால் அத்தை மகள் நிர்மலாவின் ரிசப்ஷன். மாப்பிள்ளை அலெக்சி, பிரெஞ்சு நேஷனாலிட்டி. தாத்தா காலத்தில் பிரெஞ்சுப் பட்டாளத்துக்குப் போய் பென்ஷன் வாங்கிய சொல்தா குடும்பம். அவர்கள் சொந்தத்தில் பிரான்ஸ் வரைக்கும் போகிற மாப்பிள்ளை அதுவரை யாருக்கும் அமைந்ததில்லை என்பதால், ஒரு மாதமாக ஒருவருக்கும் கால் தரையில் படவில்லை. பெண்ணின் தாய்மாமன் என்ற முறையில் பூர்ணிமாவின் அப்பா கோவிந்தசாமிதான் மண்டப வாசலில் நின்று மாப்பிள்ளை வீட்டாரை வரவேற்க வேண்டும்.

கோவிந்தசாமி தொழிற்பேட்டை எஸ்டேட்டில் ஒரு கம்பெனியில் லோடு ஏற்றுகிறவர். எதையும் அரைகுறையாகச் செய்ய மாட்டார். பிரெஞ்சுக்காரர்களை பிரெஞ்சிலேயே வரவேற்பது என்று முடிவு செய்தார். டவுனுக்குப் போகிற பஸ்ஸில் அவர் வழக்கமாக உட்காரும் பக்கத்தில் ஒரு ரிசார்ட்டின் கேட் வரும். கேட்டின் மேல் பெரிய எழுத்தில் ஏதோ பிரெஞ்சு. ஒரு நாள் இறங்கிப் போய், அதை எப்படி வாசிப்பது என்று வாட்ச்மேனிடம் கேட்டார். "பொன் வொயாழ்" என்றார் வாட்ச்மேன். பொன் என்று தொடங்கியது. இதைவிட மங்களமான வரவேற்பு வேறு என்ன இருக்க முடியும்? அந்த ரிசார்ட்டுக்கு இரண்டு கேட், இது வெளியே போகிற கேட் என்பதை வாட்ச்மேன் சொல்லவில்லை. இவரும் கேட்கவில்லை.

ரிசப்ஷன் அன்று பட்டு வேட்டியும் பன்னீர்ச் செம்புமாக நின்று, காரிலிருந்து இறங்கிய ஒவ்வொருவரையும் பார்த்து, "பொன் வொயாழ், பொன் வொயாழ்" என்று வாய் நிறையச் சொன்னார். நல்லபடியாகப் போய்ச் சேருங்கள் என்று அர்த்தம். சிலர் சிரித்துவிட்டு "மெர்சி" என்று நன்றி சொன்னார்கள். மாப்பிள்ளையின் பெரியப்பா ரோஜே மட்டும், எல்லாம் முடிந்துவிட்டதா என்று வாட்ச்சைப் பார்த்தார்.

பாட்டுக் கச்சேரிக்கு இடைவேளை விட்டு மேடை சும்மா கிடந்தபோது, அத்தை அஞ்சலாட்சி, "நீதான் காலேஜ்ல பேசுற பொண்ணாச்சே, போய் ரெண்டு வார்த்தை வாழ்த்திப் பேசேன்டி" என்று பூர்ணிமாவை மேலே தள்ளிவிட்டாள். பூர்ணிமா வாழ்த்தவில்லை. வாசலில் பார்த்ததைச் சொன்னாள். மண்டபம் குலுங்கிச் சிரித்தது. ஒரு தடவை இல்லை, மூன்று தடவை. மூன்றாவது சிரிப்பில், இரண்டாம் வரிசையில் இருந்த அப்பா எழுந்தார். விறுவிறுவென்று வெளியே போய்விட்டார். அதோடு விடவில்லை, பந்திக்குப் போய்ச் சத்தம் போட்டு, சாப்பிட்டுக்கொண்டிருந்தவர்களை இலையிலிருந்து எழுப்பினாராம். இதை அத்தை பிறகு சொன்னாள். வண்டியில் வீடு திரும்பும்போது அப்பா கேட்டது ஒரே கேள்வி: "என்னா பேசுன?" அந்தக் குரலுக்குப் பயந்து பூர்ணிமா, "ஒண்ணும் இல்ல" என்றாள். அவரும் விட்டுவிட்டார். அன்றோடு சரி.

"முதல் ஷோல ஆடியன்ஸ் எழுந்து போவாங்க, கேள்விப்பட்டிருக்கேன்" என்று மேடையில் இந்தக் கதையை முடிப்பாள். "எனக்கு எழுந்து போனது என்னைப் பெத்த ஆடியன்ஸ்."

அப்பா அதற்குப் பிறகு அவளுடைய ஒரு ஷோவுக்கும் வந்ததில்லை. அது அவளுக்குத் தீராத கோபம். ஒரு ஷோவுக்கும் அவரைக் கூப்பிட்டதில்லை என்பது அந்தக் கோபத்தில் மறந்துபோகும்.

இந்தக் கதை இணையத்தில் எங்கேயும் இல்லை. அரங்கத்துக்குள், எல்லோருடைய போனையும் வாங்கி வைத்த பிறகுதான் சொல்வாள். தொழில் ரகசியம் என்பாள். அதெல்லாம் ஒன்றுமில்லை. மேடையில் அப்பாவை நார் நாராகக் கிழிக்கிற பூர்ணிமா, வீட்டில் அப்பாவின் செருப்புச் சத்தம் கேட்டால் டிவி சத்தத்தைக் குறைக்கிறவள்.

ஆகவே சரிதாவிடம், "அந்த வீடியோ தொலைஞ்சு போச்சு" என்றாள்.

"அவ்ளோதானே. நான் பாத்துக்கறேன்" என்றாள் சரிதா.

பார்த்துக்கொண்டது மறுநாள் காலையில் வாட்ஸ்அப்பில் வந்தது. அழுக்கு லுங்கி, சிவந்த கண், இடுப்பில் செருகிய பாட்டில், நாக்கைக் கடித்தபடி ஒரு ஆள். கீழே, 'இவர்தான் உங்கப்பா. ஓகேவா?'

பூர்ணிமா போன் போட்டாள். "இது யாரு?"

"நடிகர். தொலைஞ்ச ஷாட்டை நாமளே எடுத்துடலாம். பாண்டிச்சேரி அப்பா இல்லையா, அதான் பாட்டில்."

"எங்கப்பா குடிக்க மாட்டாரு."

"ஒரு நாள்கூடவா?"

"டீயிலயே சக்கரை கம்மி."

"அப்போ பாண்டிச்சேரின்னு ஜனங்க எப்படி நம்புவாங்க?"

"சரிதா, சனிக்கிழமையானா வந்து குடிச்சிட்டு ஈசிஆர் ரோட்ல உருள்றது யாரு, எங்கப்பாவா? நீங்க வந்து குடிக்கிறதுக்கு ஊரு எங்களுது, பேரும் எங்களுக்கா?"

"சூப்பர். இத ஷோல வச்சுக்கங்க. ஆனா எனக்கு ஷாட் வேணும்."

பூர்ணிமா அந்த நடிகரின் இடுப்புப் பாட்டிலை இன்னொரு முறை பார்த்தாள். "வீடியோ கெடச்சிடுச்சு" என்றாள்.

"எப்போ?"

"இப்பதான்."

பாண்டிச்சேரி சாரம் பகுதியில் இருந்தது ராஜவேலின் ஸ்டுடியோ. நிர்மலா கல்யாணத்துக்கு வீடியோ எடுத்தவர் அவர். அன்றைக்கு, "ஏ பாப்பா, நவுறு, ஃபிரேம மறைக்கிற" என்று அவளை விரட்டியவர், இன்று நாற்காலியைத் துண்டால் தட்டிவிட்டு, "வாங்க மேடம்" என்றார். வாசற்படியில் மைக்செட் கமலக்கண்ணன் உட்கார்ந்து ஒயர் சுற்றிக்கொண்டிருந்தார். கல்யாணத்துக்குக் கல்யாணம் இருவரும் ஜோடி. அவர் எழுந்திருக்கவில்லை.

"கோவிந்தசாமி பொண்ணுதான நீ" என்றார்.

"ஆமா."

"உங்கப்பன மறக்க மாட்டேன். எலையில ஒக்காந்தவன எழுப்புன ஆளு. பாயசம் வர்ற நேரம். அடப்பிரதமன்."

"சாரிண்ணா" என்றாள் பூர்ணிமா. அப்பாவின் கோபத்துக்கு நேரடி சாட்சி. மனசுக்குள் குறித்துக்கொண்டாள்.

ராஜவேல் வீடியோவை ஓடவிட்டார். மெலிந்த, கண்ணெல்லாம் பயமான ஒரு பெண், இரவல் பட்டுச் சுடிதாரில் மேடையில் நின்றாள். அது தான்தான் என்று நம்பப் பூர்ணிமாவுக்குக் கொஞ்சம் நேரம் பிடித்தது.

"சவுண்டு பாருங்க மேடம். கண்ணாடி மாதிரி இருக்கா? உங்க துப்பட்டாவுல கேமரா மைக்க நான்தான் குத்தினேன். கையில ஒண்ணு, துப்பட்டாவுல ஒண்ணு. மந்திரிக்குக்கூட அப்படிப் பண்ணதில்ல."

வீடியோவில் சிரிப்பு எழுந்தது. பூர்ணிமா வாக்கியத்தை முடிக்கும் முன்பே எழுந்தது. "எங்கப்பா வாசல்ல நின்னுகிட்டு..." குபீர் என்று மண்டபமே. அவளுடைய பாணி அன்றே பிறந்துவிட்டது. மற்ற காமெடியன்களுக்கு வாக்கியத்தின் முடிவில் சிரிப்பு வரும். பூர்ணிமாவுக்கு நடுவில் வரும். அதை நம்பித்தான் அவள் வாக்கியத்தைப் பாதியில் நிறுத்திவிட்டுக் கூட்டத்தைப் பார்ப்பாள். அதற்கு 'பூர்ணிமா பாஸ்' என்று ஒரு பத்திரிகை பெயரே வைத்தது. புதிதாக வருகிற பிள்ளைகளுக்கு வகுப்பெடுத்து, "சிரிப்பு எங்க வரணும்னு நாம முடிவு பண்ணக் கூடாது, அது தானா நடுவுல வரும்" என்று சொல்லிக்கொடுத்திருக்கிறாள். அந்தப் பிள்ளைகள் இன்றுவரை நடுவில் நிறுத்திவிட்டுக் காத்துக்கொண்டிருக்கிறார்கள்.

"இங்கதான் ஆடியன்ஸ் பக்கம் கேமராவத் திருப்பினேன்" என்றார் ராஜவேல்.

இரண்டாம் வரிசை. அப்பா. இந்தப் பக்கம் பார்த்தார், அந்தப் பக்கம் பார்த்தார், பல்லைக் கடித்தார், வேட்டியை மடித்துக் கட்டினார், போய்விட்டார்.

பூர்ணிமா நாற்காலியிலிருந்து எழுந்தாள். "இத யார்கிட்டயும் காட்டாதீங்கண்ணா. சரிதா மேடத்துக்கு மட்டும் அனுப்புங்க."

"தாயி சத்தியமா மேடம்."

சாயங்காலம் ராஜவேல் ஸ்டுடியோவின் இன்ஸ்டாகிராம் பக்கத்தில் அது வந்துவிட்டது. 'புகழ்பெற்ற பூர்ணிமாவின் முதல் மேடை, நமது கேமராவில்.' அப்பா எழுந்து போகிற இடம் மட்டும், மெதுவாக, பின்னணியில் வயலின் அழுதது.

"அண்ணா, என்னா வேலை இது?"

"மேடம், நீங்க பேசுனத ஒரு எழுத்து போடல. சத்தத்த எடுத்துட்டு வயலின்தான் போட்டேன்."

"தூக்குங்க அத."

"தூக்குனா லைக்கெல்லாம் போயிடுமே மேடம். அப்பா மொகம் தெரியறதுதான உங்களுக்குப் பிரச்சினை? மறைச்சுடறேன். பத்து நிமிஷம் குடுங்க."

மறைத்துவிட்டார். அப்பாவின் முகம் சதுரம் சதுரமாகக் கலங்கிப்போனது. முகம் தெரிந்தவரை, யாரோ ஒரு பெரியவர் எழுந்து போகிறார் என்றுதான் இருந்தது. முகத்தை மறைத்ததும், டிவி செய்தியில் போலீஸ் இரண்டு பக்கமும் பிடித்துக்கொண்டு போகும் ஆள் மாதிரி ஆகிவிட்டார். 'இவர் மேல் என்ன கேஸ்?' என்று ஒருவர் கேட்டிருந்தார். 'செயின் பறிப்பு, எங்க ஏரியாதான்' என்று முன்பின் தெரியாத இன்னொருவர் பதில் போட்டிருந்தார்.

அத்தை அஞ்சலாட்சி போனில் வந்தாள். "ஏய் பூரணி, எங்கண்ணன் மூஞ்சிய ஏன்டி அழிச்ச? அந்தச் சட்ட நான் எடுத்துக் குடுத்த சட்ட, எனக்குத் தெரியாதா? எங்க வூட்டுக் கல்யாணத்துல திருடன் பூந்துட்டானான்னு மூணாந்தெரு வரைக்கும் கேக்கறாங்க."

"அத்தை, அது நான் பண்ணல."

"நீ பண்ணல, உன் புகழ் பண்ணிச்சு. மாப்ள வூட்ல என்னா நெனப்பாங்க? அங்க ரோஜே பெரியப்பாவுக்கு ஏற்கனவே பிரஷரு."

அன்று இரவு அப்பா சாப்பிடும்போது நிமிராமல் கேட்டார். "கேன்டீன்ல என்னமோ சொல்றானுங்க. எம்மேல கேஸுன்னு."

"அதெல்லாம் ஒண்ணும் இல்லப்பா."

"நெனச்சேன்" என்று அவர் ரசத்தைக் கேட்டு வாங்கிக்கொண்டார். அவர் வைத்திருந்தது பட்டன் போன். அதற்காக போன் கம்பெனிகளுக்கு மனதார நன்றி சொன்னாள் பூர்ணிமா.

காலையில் மறுபடி ராஜவேல். "அண்ணா, அந்தச் சதுரத்த எடுங்க. அப்பா மொகமும் தெரியக் கூடாது, மறைச்ச மாதிரியும் தெரியக் கூடாது. வேற வழி இருக்கா?"

"இருக்கு மேடம். பின்னாடி ஸ்டாண்டுல இன்னொரு கேமரா சும்மா ஓடிக்கினு இருந்துச்சு. மொத்த மண்டபமும் தெரியும். அதுல உங்கப்பா எள்ளு மாதிரிதான் இருப்பாரு."

"அதப் போடுங்க."

அவர் அதைப் போட்டார். அப்பா எள்ளாகத்தான் இருந்தார். பூர்ணிமா கடுகாக இருந்தாள். அவளுக்குப் பின்னால், மேடையின் அகலத்துக்கு ஒரு எல்இடி திரை இருந்தது. திரையில் அலெக்சி, ஒரு ஆனை அளவுக்கு.

அது கல்யாணத்துக்கு முன்னால் பிள்ளைச்சாவடிக் கடற்கரையில் எடுத்த அவுட்டோர் ஷூட். கோட்டு சூட்டுடன் அலெக்சி கையில் ரோஜாவோடு நிர்மலாவை நோக்கி மெதுவாக நடந்து வருகிறான். ஒரு அலை வருகிறது. அலெக்சி இல்லை. மண்டபம் சிரிக்கிறது. எழுந்து, சூட்டிலிருந்து மணலைத் தட்டி, மறுபடி நடக்கிறான். இரண்டாவது அலை. மண்டபம் புரண்டு சிரிக்கிறது. மூன்றாவது முறை அவன் விழவில்லை. ரோஜாவை நீட்டுகிறான், அதைப் பார்த்து ஆசைப்பட்ட ஒரு மீனவர் வீட்டு நாய் ரோஜாவைப் பிடுங்கிக்கொண்டு ஓடுகிறது.

மூன்று சிரிப்பு. பூர்ணிமா எண்ணிப் பார்த்தாள். மறுபடி எண்ணிப் பார்த்தாள். கணிதப் பட்டதாரி எத்தனை முறை எண்ணினாலும் மூன்றுதான் வந்தது.

சிரித்த கூட்டத்தில் ஒரு தலைகூடக் கீழே நின்ற கடுகைப் பார்க்கவில்லை.

பிரான்ஸிலிருந்து நிர்மலா குரல் செய்தி அனுப்பினாள். சிரிப்புக்கு நடுவே வார்த்தையைத் தேடி எடுக்க வேண்டியிருந்தது. "பூரணி, அலெக்சி இங்க ஃபேமஸாயிட்டாருடி... ஆபீஸ்ல அந்த நாய் பேரு கேக்கறாங்களாம்... ஆமா, முன்னாடி யாரோ நிக்கறாங்களே, அது நீயா?"

மேடையிலிருந்து இறங்கியதும் எல்லோரும், "சூப்பரா பேசின", "பிச்சி ஒதறிட்ட" என்றார்களே. அதை நம்பி ஒரு பள்ளிக்கூட வேலையை உதறியிருக்கிறாள். நடுவில் நிறுத்துகிற பாணியை உருவாக்கியிருக்கிறாள். அந்தப் பாணிக்குப் பெயர் பூர்ணிமா பாஸ் இல்லை. பிள்ளைச்சாவடி அலை.

சரிதா கூப்பிட்டாள். குரலில் வழக்கமான புல்லரிப்பு இல்லை. "பூர்ணிமா, நான் வைட் ஷாட் பாத்தேன். உங்களுக்கு யாருமே சிரிக்கலையா?"

"அப்படித்தான் தெரியுது."

"உங்கப்பா கோவிச்சுக்கிட்டு எழுந்து போனதாவது உண்மைதானே? அதுவும் இல்லன்னா நம்மகிட்ட ஒண்ணுமே இல்ல. நான் மேல என்ன சொல்வேன்?"

"உண்மைதான்" என்றாள் பூர்ணிமா, தேவைக்கு மேல் சத்தமாக. "பல்லக் கடிச்சிக்கிட்டுப் போறாரு, பாத்தீங்கல்ல. பந்தியில போய்க் கத்தியிருக்காரு. சாட்சி இருக்கு."

"அப்போ அவரையே கேமரா முன்னாடி கேட்டுடலாம். ஏன் போனீங்கன்னு. ரெண்டு வரி போதும். கோவம் வந்துச்சு, போனேன்."

போனை வைத்த பிறகு பூர்ணிமா யோசித்தாள். ஐந்நூறு பேர் இருந்த மண்டபத்தில் அவள் பேசியதைக் கேட்டது ஒரே ஒரு ஆள். கேட்டு, புரிந்து, வலித்து, எழுந்து போன ஆள். சிரிப்பு அலெக்சிக்கும் நாய்க்கும் போனால் போகட்டும். அந்தக் கோபம் அவளுடையது. அவள் சம்பாதித்தது. ஆறு வருஷமாக எதற்காக அப்பாவைத் திட்டினாளோ, அதையே இப்போது இரண்டு கையாலும் இறுக்கிப் பிடித்துக்கொண்டாள். எங்கே அப்பா பெருந்தன்மையாக, எனக்குக் கோபமே இல்லை என்று சொல்லித் தொலைத்துவிடுவாரோ என்று தூக்கம் வரவில்லை.

ஞாயிற்றுக்கிழமை சரிதா கேமராமேனோடு சேதராப்பட்டுக்கு வந்தாள். சவுண்டுக்கு உள்ளூரில் ராஜவேல் ஏற்பாடு செய்து அனுப்பிய ஆள் கமலக்கண்ணன். அப்பா காலையிலேயே சவரம் செய்து, அத்தை எடுத்துக் கொடுத்த அதே சட்டையைப் போட்டுக்கொண்டு வாசலில் காத்திருந்தார். வண்டியிலிருந்து சரிதா இறங்கியதும் கையைக் கூப்பினார்.

"பொன் வொயாழ்" என்றார், வாய் நிறைய.

சரிதா திகைத்துப் பூர்ணிமாவைப் பார்த்தாள். "போகச் சொல்றாரா?"

"வீம்பு" என்றாள் பூர்ணிமா, பல்லைக் கடித்துக்கொண்டு. அன்றைக்கு அந்த வார்த்தையை வைத்துத்தான் அவள் அவரை மேடையில் கேலி செய்தாள். ஊரறியச் சொல்லியும் மாற்றிக்கொள்ளாமல் அதையே திரும்பச் சொல்கிறார் என்றால், வேறென்ன அர்த்தம்? கோபம் அப்படியேதான் இருக்கிறது. அவளுக்கு ஒரு விதத்தில் நிம்மதியாகவும் இருந்தது.

கமலக்கண்ணன் அப்பாவின் சட்டையில் மைக்கைக் குத்தினார். இருவரும் ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டார்கள். கமலக்கண்ணன் பார்வையில் அடப்பிரதமன் இருந்தது.

"ஐயா" என்று ஆரம்பித்தாள் சரிதா. "நிர்மலா ரிசப்ஷன்ல பூர்ணிமா பேசிட்டு இருக்கும்போது, ஏன் எழுந்து போனீங்க?"

"வேலை இருந்துச்சு."

"என்ன வேலை?"

"பந்தி வேலை. தாய்மாமன் இல்லியா."

"கோவம் எதுவும்?"

"எதுக்கு?"

சரிதா பூர்ணிமாவைப் பார்த்தாள். இதைத்தான் எடுத்துக்கொண்டு போகவா என்கிற பார்வை.

பூர்ணிமா குறுக்கே வந்தாள். "அப்பா, உண்மையச் சொல்லு. வருஷம் ஆறு ஆச்சு."

"இப்ப எதுக்கும்மா அதெல்லாம்? நல்லாத்தான பேசுன. எல்லாரும் சிரிச்சாங்கள்ல."

"அவங்க அலெக்சி வுழுந்ததுக்குச் சிரிச்சாங்க."

அப்பா தலையைக் குனிந்துகொண்டார். "அது உனக்குத் தெரிஞ்சுபோச்சா" என்றார்.

அவருக்குத் தெரிந்திருக்கிறது. இத்தனை வருஷமாகத் தெரிந்திருக்கிறது. பூர்ணிமாவுக்கு எங்கிருந்து வந்தது என்று தெரியாத கோபம், மேடையில் வருகிற அழகான கோபம் இல்லை, மூக்கு ஒழுகுகிற கோபம், வந்தது.

"தெரிஞ்சுபோச்சு. ஊருக்கே தெரிஞ்சுபோச்சு. அந்த மண்டபத்துல நான் பேசுனதக் கேட்டது நீ ஒருத்தன்தான். கேட்டுட்டு எழுந்து போன. அதுக்கப்புறம் எம்பொண்ணு எங்க போறா, என்னா பேசுறான்னு ஒரு நாள் கேட்டியா நீ?"

"கேட்டனே. வண்டியில வரும்போது கேட்டேன். ஒண்ணும் இல்லன்ன."

"அப்படியா கேப்பாங்க?"

"வேற எப்பிடிக் கேக்கறது?"

கேமரா ஓடிக்கொண்டிருந்தது. சரிதா மூச்சைப் பிடித்துக்கொண்டு, நிறுத்தாதே என்று கேமராமேனுக்குக் கை காட்டினாள். சமையலறை வாசலில் டீத் தட்டோடு அம்மா அப்படியே நின்றாள்.

"கோவம்னு ஒரு வார்த்தை சொல்லுப்பா. அந்த ஒண்ணுதான் எங்கிட்ட மிச்சம் இருக்கு. அதையும் வச்சுக்காத. சொல்லிடு, இவங்க எடுத்துக்கினு போவட்டும்."

"சொன்னா நீ கஷ்டப்படுவ."

"நான் படாத கஷ்டமா? சொல்லு."

அப்பா சட்டையிலிருந்த மைக்கைக் கழற்ற ஆரம்பித்தார்.

மூலையில் கமலக்கண்ணன் ஹெட்போனைக் கழுத்துக்கு இறக்கினார்.

"கோவமா?" என்றார். "ஆம்ப்ளிபயர ஆஃப் பண்ணிட்டுத்தாம்மா நாங்க பந்திக்குப் போனோம், உங்கையில இருந்தது செத்த மைக்கு, அந்த மண்டபத்துல ஒருத்தருக்கும் ஒரு எழுத்து கேக்கல. 'எம்பொண்ணு என்னமோ பேசுது, வந்து மைக்கப் போட்டு வுடுய்யா'ன்னு உங்கப்பன் பாதி எலையில என்னைத் தூக்கி இழுத்துக்கினு ஓடியாறாரு, அதுக்குள்ள நீ பேசி முடிச்சிட்டு எறங்கிட்ட."